தகுதிகாண் பருவம்: காலம் மறைந்த ஒரு தொடர்

நாம் பணியாற்றும் அரசு கல்லூரியின் அலுவலகத்தில் உதவியாளராக இருந்த ஒருவர் சில ஆண்டுகளுக்கு முன் ஓய்வு பெற்றார். பிரிவுபசார விழா முடிந்துவிட்டது. போர்த்திய சால்வைகளை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டிருந்தவர், ஓய்வூதியக் கருத்துருவுக்காக மேசைமேல் எடுத்து வைத்திருந்த தம்முடைய பணிப்பதிவேட்டைத் திறந்து ஒரு பக்கத்தை நமக்குக் காட்டினார். இளநிலை உதவியாளராகப் பணியில் சேர்ந்த நாள் ஒரு பதிவு. தகுதிகாண் பருவத்தைச் செவ்வனே நிறைவு செய்தார் என்பது இன்னொரு பதிவு. பின்னதற்கான ஆணை எழுதப்பட்ட நாளுக்கும் முன்னதற்கும் இடையே 11 ஆண்டுகள்.

"விதிப்படி ரெண்டு வருஷம் சார். நமக்குப் பதினொண்ணு ஆச்சு" என்றார். குரலில் கசப்பில்லை. யாருடைய கதையையோ சொல்வதுபோல் சொன்னார்.

அவர் கருணை அடிப்படையில் பணியில் சேர்ந்தவர். பணிவரன்முறை ஆணை வரவே சில ஆண்டுகள் ஆயின. துறைத் தேர்வுகளை விரைவிலேயே எழுதித் தேறிவிட்டார். ஆனால் பவானிசாகரில் நடைபெறும் அடிப்படைப் பயிற்சிக்கு அவருடைய முறை வரவில்லை. முறை வந்து, பயிற்சியும் முடிந்தபின், பள்ளிச் சான்றிதழின் உண்மைத்தன்மை குறித்த கடிதம் எங்கோ ஓர் அலுவலகத்தில் தங்கிவிட்டது. இதற்கிடையே உதவியாளர் பதவி உயர்வுக்கான பட்டியல்கள் ஆண்டுதோறும் வெளிவந்தன. அவர் பெயருக்கு நேரே ஒரே குறிப்புதான்: தகுதிகாண் பருவம் முடிக்கப்பெறவில்லை. அவருக்குப் பின் சேர்ந்தவர்கள் கண்காணிப்பாளர்களாக ஓய்வு பெற்றார்கள். அவர் உதவியாளராகவே ஓய்வு பெற்றார். இறுதியில் தகுதிகாண் பருவம் முடிந்ததாகப் பின்தேதியிட்டு ஆணை வந்தது. போன பட்டியல்கள் திரும்பி வரவில்லை.

இந்தப் பதிவேட்டுப் பக்கம் நம்மை வெகுநாள் தொந்தரவு செய்தது. அதன் விளைவே இக்கட்டுரை.

*

தகுதிகாண் பருவம் என்பது நல்ல தமிழாக்கம். இலக்கணம் கற்பிக்கும் நமக்கு அதில் வேறொரு சுவையும் உண்டு. 'காண் பருவம்' என்பது வினைத்தொகை. ஊறுகாய் என்பதைப் போலக் காலம் வெளிப்படாமல் மறைந்து நிற்கும் தொடர். தகுதியைக் கண்ட பருவமா, காண்கின்ற பருவமா, இனிக் காணப்போகும் பருவமா என்பதைத் தொடர் சொல்லாது. காண்பவர் யார் என்பதையும் சொல்லாது. அலுவலக நடைமுறையில் இவ்விரு மறைவுகளும் எத்தனை மனிதர்களின் வாழ்க்கையைத் தின்றிருக்கின்றன என்பதை அச்சொல்லை ஆக்கியவர்கள் எண்ணியிருக்க மாட்டார்கள்.

ஒருவரைப் பணியில் அமர்த்துமுன் ஆராய வேண்டும் என்பது நமக்குப் புதிய சிந்தனை அன்று. திருக்குறளின் 51ஆம் அதிகாரமான 'தெரிந்து தெளிதல்' முழுவதும் இதைப் பற்றியதே. அவ்வதிகாரத்தின் இறுதிக் குறள் ஒரு தராசைப் போன்றது. ஆராயாமல் ஒருவனை நம்புவதும், ஆராய்ந்து நம்பிய பின் அவனை ஐயுறுவதும் ஒருசேரத் தீராத துன்பம் தரும் என்பது அதன் பொருள். முதற்பாதி ஆள்வோனுக்குச் சொன்ன எச்சரிக்கை. இரண்டாம் பாதி ஆளப்படுவோனுக்குத் தந்த உறுதி. ஆராய்ச்சிக்கு ஒரு முடிவு உண்டு, முடிந்தபின் நம்பிக்கை தொடங்கவேண்டும் என்பது அதன் உட்கிடை. நம் அரசுப் பணிச் சட்டம் முதற்பாதியை எளிதில் கற்றுக்கொண்டது. இரண்டாம் பாதியை அடைய அதற்கு நெடுங்காலம் பிடித்தது. இன்றும் முழுதாக அடைந்துவிட்டதாகச் சொல்வதற்கில்லை.

*

கிழக்கிந்தியக் கம்பெனியின் பணியாளர் படிநிலை எழுத்தர், முகவர், இளநிலை வணிகர், முதுநிலை வணிகர் என்று ஏறியது. ஏணியில் ஏற்றியது பெரும்பாலும் திறமை அன்று, கழிந்த ஆண்டுகள். 1793ஆம் ஆண்டின் பட்டயச் சட்டம் இதற்குச் சட்ட வடிவம் தந்தது. ஆண்டுக்கு 500 பவுனுக்கு மேல் ஊதியமுள்ள பதவிக்கு 3 ஆண்டுகள் இந்தியாவில் பணியாற்றியிருக்க வேண்டும். 1,500 பவுனுக்கு மேல் 6 ஆண்டுகள். 3,000 பவுனுக்கு மேல் 9 ஆண்டுகள். 4,000 பவுனுக்கு மேல் 12 ஆண்டுகள். செல்வாக்குள்ள உறவினரைக் கப்பலிலிருந்து இறக்கி நேரே உயர்பதவியில் அமர்த்துவதை இது தடுத்தது. பதவி உயர்வுக்குக் 'குறைந்தபட்சப் பணிக்காலம்' என்று இன்று நாம் வழங்கும் விதியின் பழைய முகம் இது.

ஆனால் காலம் மட்டும் கழிந்தால் போதுமா? நாட்டு மொழி தெரியாத நீதிபதியும் ஆட்சியரும் என்ன செய்ய முடியும்? இந்தக் கேள்விக்கு விடையாகவே 1812இல் சென்னையில் புனித ஜார்ஜ் கோட்டைக் கல்லூரி அமைந்தது. அதன் உயிராக இருந்தவர் எல்லிஸ். இங்கிலாந்திலிருந்து வந்திறங்கிய இளம் அதிகாரிகள் தென்னிந்திய மொழிகளைக் கற்றுத் தேர்வெழுதினர். தேர்ச்சி அவர்களுடைய முன்னேற்றத்துக்கான வாயில் ஆயிற்று.

இலக்கிய வாசகர்கள் இவ்விடத்தில் சற்று நிற்கலாம். அந்தக் கல்லூரியில் தமிழ்ப் புலமை நடத்திய தாண்டவராய முதலியார் பஞ்சதந்திரத்தை மராட்டியிலிருந்து தமிழ் உரைநடையில் தந்தார். செய்யுளே இலக்கியம் என்றிருந்த காலத்தில், வெளிநாட்டு மாணவர் படித்துத் தேறுவதற்கேற்ற எளிய உரைநடை நூல்கள் தேவைப்பட்டன. தமிழ் உரைநடையின் தொடக்கக் கால வளர்ச்சியில், வேலை கற்றுக்கொண்டிருந்த அந்த இளைஞர்களின் தேர்வு அச்சத்துக்கும் ஒரு சிறு பங்குண்டு என்பது நமக்கு வியப்பளிக்கும் செய்தி.

*

1853ஆம் ஆண்டின் சட்டம் கம்பெனி இயக்குநர்களின் நியமன உரிமையைப் பறித்துப் போட்டித் தேர்வுக்கு வழி திறந்தது. 1854இல் மெக்காலே தலைமையிலான குழு அறிக்கை தந்தது. 1855இல் முதல் தேர்வு நடந்தது. போட்டித் தேர்வில் வென்றதனால் மட்டுமே ஒருவர் பணியாளர் ஆகிவிடவில்லை. அவர் தகுதிகாணும் நிலையில் வைக்கப்பட்டார். இந்தியச் சட்டம், வரலாறு, மொழி ஆகியவற்றைக் கற்று இறுதித் தேர்வில் தேறினால்தான் பணி உறுதி.

அந்த இடைவெளியில் நின்ற இருவரை நாம் அறிவோம். ஒருவர் அரவிந்தர். 1890இல் போட்டித் தேர்வில் வென்ற அவர், 2 ஆண்டுத் தகுதிகாண் பருவத்தின் பாடங்களிலும் தேறினார். எஞ்சியது குதிரையேற்றத் தேர்வு. அதற்கு உரிய நாளில் அவர் செல்லவில்லை. 1892இல் அவருக்குப் பணி மறுக்கப்பட்டது. பின்னாளில், 1910இல், அவர் புதுச்சேரிக்கு வந்து சேர்ந்தது தனிக்கதை. மற்றவர் சுபாஷ் சந்திர போஸ். 1920இல் நான்காம் இடம் பெற்றுத் தேறியவர், 1921 ஏப்ரலில் தகுதிகாண் பருவத்திலேயே விலகினார். முன்னவரை அரசு சோதித்து விலக்கியது. பின்னவர் அரசைச் சோதித்து விலகினார் எனலாம். இருவர் கதையிலும் கவனிக்கத்தக்கது ஒன்றுண்டு. சோதனைக்குத் தெளிவான எல்லை இருந்தது. இன்ன தேர்வுகள், இத்தனை ஆண்டுகள், இந்த நாளில் விடை. நம் அலுவலக நண்பருக்கு வாய்க்காதது அதுதான்.

*

அரசுப் பணியாளர் மன்னர் விரும்பும் வரையே பதவியில் இருப்பார் என்பது ஆங்கிலேயச் சட்டத்தின் பழங்கொள்கை. 1919ஆம் ஆண்டின் இந்திய அரசுச் சட்டம் அதனை வெளிப்படையாக எழுதிவைத்தது. கூடவே, நியமித்தவருக்குக் கீழ்ப்பட்ட அதிகாரி பதவிநீக்கம் செய்யலாகாது என்றும் வரம்பிட்டது. 1935ஆம் ஆண்டின் சட்டம் இன்னோரடி முன்வைத்து, தண்டிக்குமுன் விளக்கம் கூற நியாயமான வாய்ப்பளிக்க வேண்டும் என்றது. இதற்கு நடுவே சென்னை மாகாணம் 1929ஆம் ஆண்டின் சட்டத்தின் வழியே தனக்கெனப் பணியாளர் ஆணையம் ஒன்றை அமைத்துக்கொண்டது. இந்திய மாகாணங்களில் இதுவே முதலாவது.

விடுதலைக்குப் பின் அரசமைப்புச் சட்டத்தின் 310ஆம் பிரிவு பழைய விருப்பக் கொள்கையைத் தக்கவைத்தது. 311ஆம் பிரிவு அதற்குக் கடிவாளம் இட்டது. விசாரணையின்றிப் பதவிநீக்கமோ பதவியிறக்கமோ கூடாது. அப்படியானால் தகுதிகாண் பருவத்தில் இருப்பவருக்கு இப்பாதுகாப்பு உண்டா?

1957 நவம்பரில் உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பு இக்கேள்விக்குத் தந்த விடை இன்றுவரை அடித்தளமாக நிற்கிறது. டிங்ரா வழக்கு என்று வழங்கும் அது ஒரு ரயில்வே பணியாளரைப் பற்றியது. உயர்பதவியைத் தற்காலிகமாக வகித்த அவர் பழைய பதவிக்குத் திருப்பி அனுப்பப்பட்டார். வழக்கில் அவர் தோற்றார். ஆனால் தலைமை நீதிபதி எஸ்.ஆர்.தாஸ் வகுத்த அளவுகோல் பின்வந்த பலரைக் காத்தது. தகுதிகாண் பருவத்தினருக்குப் பதவிமேல் உரிமை இல்லை. பொருத்தமில்லை என்று அவரை விடுவிப்பது தண்டனை ஆகாது. எனினும் அவர்மேல் குற்றம் சாட்டி, அக்குற்றத்தின் அடிப்படையில் களங்கத்தோடு வெளியேற்றினால் அது தண்டனையே. அப்போது 311ஆம் பிரிவு துணைநிற்கும்.

இதிலிருந்து அலுவலகங்கள் ஒரு பாடம் கற்றன. ஆணையில் குற்றத்தைச் சொல்லாமல் 'பணி தேவையில்லை' என்று ஒரே வரியில் முடித்துவிட்டால் போதும் என்பதே அப்பாடம். இந்தத் தந்திரத்தை 1974இல் ஷம்ஷேர் சிங் வழக்கில் 7 நீதிபதிகள் கொண்ட ஆயம் அடையாளம் கண்டது. பஞ்சாபில் தகுதிகாண் பருவத்தில் இருந்த நீதித்துறை அதிகாரிகள் இருவர் நீக்கப்பட்டிருந்தனர். ஆணையின் சொற்களை மட்டும் பார்த்தால் போதாது, அதன் பின்னுள்ள உண்மையையும் பார்க்க வேண்டும் என்று கூறி நீதிமன்றம் நீக்கத்தை ரத்து செய்தது. ஆளுநர் அமைச்சரவையின் அறிவுரைப்படியே பொதுவாகச் செயற்பட வேண்டும் என்று இன்று அடிக்கடி மேற்கோள் காட்டப்படும் தீர்ப்பும் இதுவே. அவ்வளவு பெரிய அரசமைப்புக் கோட்பாடு இரு இளம் அதிகாரிகளின் தகுதிகாண் பருவத்திலிருந்து கிளைத்தது.

1984இல் ஐதராபாத் காவல் அகாதெமியின் பயிற்சி அதிகாரி ஒருவரின் வழக்கும் இவ்வழியில் வந்தது. ஒரு நாள் காலைப் பயிற்சிக்கு ஏறத்தாழ 22 நிமிடம் தாமதமாக வந்ததே நிகழ்ச்சி. பணிக்குப் பொருத்தமற்றவர் என்பதுபோல் எழுதப்பட்ட ஆணைக்குப் பின்னே இருந்தது அந்நிகழ்ச்சிதான் என்று கண்ட உச்ச நீதிமன்றம், அவரை மீண்டும் பணியில் சேர்க்கச் சொன்னது.

*

இதுவரை நாம் கண்டவை வெளியேற்றப்பட்டவர்களின் வழக்குகள். வெளியேற்றவும் படாமல், உள்ளே ஏற்கவும் படாமல் வாசலிலேயே நிற்பவர்களின் நிலை என்ன? எண்ணிக்கையில் கூடியவர்கள் இவர்களாகவே இருக்கக்கூடும் என்பது நம் அலுவலக அனுபவம்.

1962இல் உச்ச நீதிமன்றம், தகுதிகாண் காலம் கழிந்ததனாலேயே ஒருவர் தானாக நிலைபெற்றவர் ஆகிவிடமாட்டார், ஆணை வேண்டும் என்று கூறியது. 1968இல் பஞ்சாப் ஆசிரியர்கள் தொடர்பான வழக்கில் ஒரு கதவு திறந்தது. தகுதிகாண் காலம் நீட்டிப்பையும் சேர்த்து 3 ஆண்டுகளுக்கு மேல் போகக்கூடாது என்று விதி இருந்தது. அந்த எல்லை 1960இல் முடிந்தது. 1963வரை பணியில் வைத்திருந்துவிட்டுப் பிறகு அவர்களை விடுவித்தார்கள். எல்லையைத் தாண்டியும் பணியில் வைத்திருந்ததே அவர்களை ஏற்றுக்கொண்டதற்குச் சான்று என்றது நீதிமன்றம். அரசின் மௌனத்துக்குப் பணியாளர் சார்பில் ஒரு பொருள் கற்பித்த தீர்ப்பு இது.

2001இல் வந்த ஒரு தீர்ப்பு இவற்றை மூன்றாக வகைப்படுத்தியது. விதியில் உச்ச எல்லை இல்லையேல் மௌனம் சம்மதம் ஆகாது. எல்லை இருந்தால், அதைத் தாண்டி வைத்திருப்பது சம்மதமே. எல்லை இருந்தும், தேர்ச்சி போன்ற நிபந்தனையோ தனி ஆணையோ வேண்டும் என்று விதி சொன்னால் மீண்டும் சம்மதம் ஆகாது. கோட்பாடாகப் பார்க்கையில் இதில் குறையில்லை. ஆனால் மூன்றாம் வகையில்தான் நம் நண்பர் போன்றோர் சிக்குகிறார்கள். நிபந்தனையை நிறைவேற்றும் வழி சோதிப்பவர் கையில் இருக்கும்போது என்ன செய்வது? பயிற்சிக்கு அழைக்க வேண்டியது அரசு. சான்றிதழைச் சரிபார்க்க வேண்டியதும் அரசு. இரண்டும் தாமதமானால் 'தகுதி காணப்படாதவர்' ஆவது மட்டும் பணியாளர்.

பதவி உயர்வு இங்கேதான் வந்து இணைகிறது. தமிழ்நாடு மாநில மற்றும் சார்நிலைப் பணிகள் விதிகள் நெடுங்காலமாக வைத்திருந்த நிபந்தனை ஒன்று உண்டு: ஒரு பதவியில் தகுதிகாண் பருவத்தைச் செவ்வனே முடிக்காதவர் அதிலிருந்து மேற்பதவிக்கு உயரத் தகுதியற்றவர். அந்த விதிகளின் இடத்துக்கு 2016இல் தமிழ்நாடு அரசுப் பணியாளர்கள் பணி நிபந்தனைகள் சட்டம் வந்தது. நேரடி நியமனம் பெற்றவருக்கு 3 ஆண்டுத் தொடர்காலத்துக்குள் 2 ஆண்டுகள் கடமையில் இருத்தல், பதவி உயர்வில் வந்தவருக்கு 2 ஆண்டுகளுக்குள் 1 ஆண்டு என்பதே பொதுவான அளவு. சோதனை நீண்டால் உயர்வும் நீள்கிறது. பதவி உயர்வு பெறுவது உரிமையன்று, அதற்குப் பரிசீலிக்கப்படுவதே அடிப்படை உரிமை என்று 1999இல் உச்ச நீதிமன்றம் கூறியது. பரிசீலனைப் பட்டியலுக்குள்ளேயே நுழைய முடியாதவருக்கு அந்த உரிமை ஏட்டுச் சுரைக்காய்தான்.

நடுவண் அரசும் இதே நோயால் நெடுநாள் வருந்தியது. அங்கே தகுதிகாண் பருவம் முடிந்தாலும் நிரந்தரப் பணியிடம் காலியானால்தான் நிலைப்படுத்துவார்கள். பணிமூப்பு அதைப் பொறுத்தே அமைந்தது. 1977இல் மராட்டிய மாநிலப் பொறியாளர்கள் வழக்கில் நீதிபதி சந்திரசூட், நிலைப்படுத்துதல் என்பது திறமையையும் சாராமல் காலியிடத்தையும் சாராமல் நிகழும் நிச்சயமின்மை என்று மனம் வருந்தி எழுதினார். அதைப் பணிமூப்புக்கு அளவுகோலாக்கிய விதி வீழ்ந்தது. 1988 மார்ச்சில் நடுவண் அரசு, பணிவாழ்வில் ஒரே முறை, நுழைவுப் பதவியில் மட்டும் நிலைப்படுத்தினால் போதும், காலியிடத்தைப் பார்க்கவேண்டியதில்லை என்று ஆணையிட்டது. 1990இல் 5 நீதிபதிகள் கொண்ட ஆயம், விதிப்படி நியமனம் பெற்றவரின் பணிமூப்பு நியமன நாளிலிருந்தே கணக்கிடப்பட வேண்டும், நிலைப்படுத்திய நாளிலிருந்து அன்று என்று முடிவு கட்டியது. ஒரு முடிச்சு அவிழ்ந்தது.

இன்னொரு முடிச்சு அண்மையில்தான் கண்ணில் பட்டது. கடமையில் இருந்த நாள்களே தகுதிகாண் பருவத்துக்குக் கணக்காகும் என்பதால், மகப்பேறு விடுப்பு கழிந்துபோகும். தமிழ்நாட்டில் 2021 முதல் அவ்விடுப்பு 12 மாதம். பணியில் சேர்ந்த சில ஆண்டுகளுக்குள் தாயாகும் பெண்ணின் தகுதிகாண் பருவம் அந்த அளவுக்குத் தள்ளிப்போயிற்று. உடன் சேர்ந்த ஆண் பட்டியலில் முந்துவான். இவ்விடுப்பும் இனிக் கணக்கில் கொள்ளப்படும் என்று 2025 ஏப்ரலில் சட்டப் பேரவையில் அறிவிக்கப்பட்டது. இத்தனை காலமாகப் பிள்ளைப்பேறும் ஒரு தகுதிக்குறைவாக எண்ணப்பட்டிருந்தது என்பதை அந்த அறிவிப்பு வந்தபோதுதான் நம்மில் பலர் உணர்ந்தோம்.

*

தகுதிகாண் பருவமே வேண்டாம் என்பது நம் கருத்தன்று. தேர்வில் முதலிடம் பெற்றும் வகுப்பறையில் நிற்க இயலாதவர்களை நாமே கண்டிருக்கிறோம். மக்கள் வரிப்பணத்தில் வாழ்நாள் பணி தருமுன் அரசு ஒருவரை அறிந்துகொள்ள நினைப்பது நேர்மையானதே. ஆனால் சோதனையாளனுக்கும் கெடு உண்டு. அவன் செய்ய வேண்டியதைச் செய்யாமல் கழித்த நாள்களைச் சோதிக்கப்படுபவன் கணக்கில் பற்று எழுதலாகாது. 1968ஆம் ஆண்டின் தீர்ப்பு காட்டிய பாதை அதுவே. பயிற்சி, சான்று சரிபார்ப்பு என்று அரசின் கையிலுள்ள நிபந்தனைகளுக்கும் விதியிலேயே நாள் குறித்து, அந்த நாள் கடந்தால் அவை நிறைவேறியதாகக் கொள்ளலாம். பருவம் என்ற சொல்லுக்கும் அதுதான் பொருத்தம். மழைப் பருவமாயினும் பனிப் பருவமாயினும் முடிந்தாக வேண்டும்.

ஓய்வு பெற்ற நண்பரைச் சென்ற பொங்கலன்று அவர் வீட்டில் கண்டோம். அவருடைய மகள் தேர்வெழுதி இளநிலை உதவியாளராகச் சேர்ந்திருக்கிறாள். பவானிசாகர் பயிற்சி முடித்து வந்துவிட்டாளாம். "ஆணை கைக்கு வந்துடுச்சாம்மா?" என்று கேட்டோம். அவள் பதில் சொல்லுமுன் நண்பர் எழுந்துபோய் ஒரு கோப்பை எடுத்துவந்தார். சான்றிதழ் சரிபார்ப்புக் கடிதத்தின் நகல், அனுப்பிய நாள், நினைவூட்டுக் கடிதங்களின் நாள்கள் எல்லாம் வரிசையாகக் கோக்கப்பட்டிருந்தன. "இந்தக் கோப்பு மட்டும் நம்ம கையில இருக்கட்டும் சார்" என்றார்.